அந்த ஆட்டத்தை நான் உண்மையிலேயே முடித்தேனா?

ஒரு சின்ன சந்தேகத்தைத் தீர்த்துக்கொள்ளத்தான் இந்தக் குறிப்பை எழுத ஆரம்பித்தேன். கொஞ்சம் நீண்டுவிட்டது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

2008-இல் நான் 11-ஆம் வகுப்பு. எங்கள் ஊர் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருந்த ஒரு பிரவுசிங் சென்டரில் மணிக்கு 15 ரூபாய் கொடுத்து, 'ஃபேன்ஸி பேன்ட்ஸ் அட்வென்சர்ஸ்' என்ற ஃப்ளாஷ் விளையாட்டின் முதல் உலகத்தை ஆடினேன். ஒரே உட்காரலில் முடித்தும்விட்டேன். மதுரையில் அத்தை வீட்டில் புதுக் கம்ப்யூட்டர், பிராட்பேண்ட் எல்லாம் இருந்தது. அத்தை பையன் அதே விளையாட்டை இரண்டு மூன்று நாள் ஆடிப் பார்த்துவிட்டு விட்டுவிட்டான். "கையில நிக்க மாட்டேங்குது மச்சான், சறுக்கிட்டுப் போகுது" என்றான். அதிலிருந்து கல்யாண வீடு, காதுகுத்து எங்கே பார்த்தாலும் அந்த ஒரு வரியைச் சொல்லிச் சொல்லி அவனை ஓட்டியிருக்கிறேன்.

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அதே விளையாட்டை மறுபடி எடுத்தேன். எனக்கும் கையில் நிற்கவில்லை.

வயசாகிவிட்டது என்று முதலில் நினைத்தேன். விஷயம் அது இல்லை என்று பிறகுதான் புரிந்தது. அதைச் சொல்வதற்கு முன்னால் விளையாட்டைப் பற்றிக் கொஞ்சம்.

கோட்டு மனிதனும் ஆரஞ்சு பேன்ட்டும்

பிராட் போர்ன் என்ற அமெரிக்கர் உருவாக்கிய விளையாட்டு இது. முதல் உலகம் 2006-இல் இணையத்தில் வந்தது, இரண்டாம் உலகம் 2008-இல். நாயகன் நோட்டுப் புத்தக ஓரத்தில் பசங்க கிறுக்கும் குச்சி மனிதன்தான். தலையில் கூரான முடி, இடுப்பில் ஒரு ஆரஞ்சு நிற பேன்ட். அவ்வளவுதான் உருவம். கதை என்று பெரிதாக ஒன்றும் கிடையாது. ஓட வேண்டும், தாவ வேண்டும், வழியில் கிடக்கும் சுருள் கோடுகளைப் பொறுக்க வேண்டும், சிலந்திகள் மேல் குதிக்க வேண்டும், கடைசியில் ஒரு பெரிய எதிரியை அடிக்க வேண்டும். பழக்கப்பட்டவர்கள் அரை மணிக்குள் முடித்துவிடலாம்.

இப்படித் தாவி ஓடும் விளையாட்டுகள் அப்போது நூற்றுக்கணக்கில் இருந்தன. இது மட்டும் ஏன் தனியாகத் தெரிந்தது? அந்த மனிதன் அசைகிற விதம்தான் காரணம். வேகம் கூடக் கூட உடம்பு முன்னால் சாய்கிறது. திரும்பினால் உடனே திரும்புவதில்லை, குதிகாலை ஊன்றிச் சறுக்கி, அப்புறம்தான் திரும்புகிறான். தரை தட்டையாக இல்லை. வளைந்து எழுந்து, சில இடங்களில் தலைகீழாகவே சுருண்டுபோகிறது. அந்தச் சுருளில் ஏறி ஓட வேண்டுமென்றால் முன்கூட்டியே வேகம் சேர்த்திருக்க வேண்டும், இல்லையென்றால் பாதியில் இறங்கி வந்துவிடுவான். 1991-இல் வந்த சோனிக் விளையாட்டிலும் இந்த மாதிரி வளையங்கள் உண்டு. ஆனால் அங்கே பார்ப்பது ஒரு வண்டியின் வேகம் மாதிரி இருக்கும். இங்கே ஒரு ஆள் ஓடுகிற வேகம். கையால் வரைந்த கார்ட்டூன் என்பதை அந்த விளையாட்டு எந்த இடத்திலும் மறைப்பதில்லை.

வேகம்தான் இந்த விளையாட்டின் பாஷை. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

15 ரூபாய் கம்ப்யூட்டர்

பிரவுசிங் சென்டரில் நான் உட்காரும் கேபினில் இருந்தது அப்போதே பழசாகிவிட்ட ஒரு கம்ப்யூட்டர். அதில் எந்த ஃப்ளாஷ் விளையாட்டைத் திறந்தாலும் வலது கிளிக் செய்து, படத்தின் தரத்தைக் கீழே இறக்கிவிட்டுத்தான் ஆட ஆரம்பிப்போம். ஃப்ளாஷ் ஆடியவர்களுக்கு இந்தச் சடங்கு ஞாபகம் இருக்கும். கோடுகள் எல்லாம் பல்லுப் பல்லாகத் தெரியும், ஆனால் கொஞ்சம் வேகமாக ஓடும். இறக்கின பிறகும் அந்தக் கம்ப்யூட்டர் திணறும். அது திணறுகிறது என்றே எனக்குத் தெரியாது. விளையாட்டே அப்படித்தான் என்று நினைத்திருந்தேன்.

இதில் ஒரு தொழில்நுட்ப விஷயம் இருக்கிறது. ஃப்ளாஷ் அடிப்படையில் கார்ட்டூன் படம் காட்டுவதற்கான கருவி. சினிமா மாதிரி நொடிக்கு இத்தனை பிரேம் என்று ஒவ்வொரு கோப்புக்கும் ஒரு கணக்கு வைத்திருப்பார்கள். அந்தக் காலத்து ஃப்ளாஷ் விளையாட்டுகளில் பெரும்பாலானவை, ஒவ்வொரு பிரேமுக்கும் ஒரு தடவை 'நாயகனை இத்தனை புள்ளி நகர்த்து' என்கிற முறையில் எழுதப்பட்டவை. கடிகாரத்தைப் பார்த்து நகர்த்துவதில்லை, பிரேமை எண்ணி நகர்த்துகின்றன.

ஒரு விளையாட்டு நொடிக்கு 30 பிரேம் என்று எழுதப்பட்டிருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். கம்ப்யூட்டரால் 15-தான் வரைய முடிகிறது. என்ன ஆகும்? நாம் இன்று பார்க்கிற வீடியோ மாதிரி நடுவில் உள்ள பிரேம்களை விட்டுவிட்டுத் தாவாது. மொத்த உலகமே பாதி வேகத்தில் நடக்கும். ஒரு நொடியில் முடிய வேண்டிய தாவல் இரண்டு நொடி எடுக்கும். தாவலின் உயரம் அதேதான், போய்ச் சேரும் தூரமும் அதேதான். நம் கண்ணும் விரலும் மட்டும் பழைய வேகத்திலேயே இருக்கும். அதாவது யோசிக்க இரண்டு மடங்கு நேரம் இலவசம்.

இதைச் சோதித்துப் பார்த்தேன். பழைய ஃப்ளாஷ் கோப்புகளை இன்று ஓட்டுகிற கருவிகளில் பிரேம் கணக்கை நாமே மாற்ற வழி இருக்கிறது. பாதியாகக் குறைத்துவிட்டு முதல் கட்டத்தைத் திறந்தேன். திறந்த பத்தாவது நொடியில் உடம்புக்கு ஞாபகம் வந்துவிட்டது. 'இதுதான்!' என்று வாய்விட்டே சொன்னேன். தவறாமல் ஓடினேன், தவறாமல் தாவினேன். கணக்கைப் பழையபடி வைத்ததும் சிலந்தி மேல் போய் முட்டிக்கொண்டேன்.

ஆக, நான் முடித்தது அத்தை பையன் தோற்ற விளையாட்டை இல்லை. அதன் பாதி வேகப் பதிப்பை.

அது வெற்றியா?

இந்தக் கேள்வியை 'ஏமாற்றிவிட்டேன்' என்று ஒரே வார்த்தையில் முடித்துவிடலாம். எனக்கு அதில் திருப்தி இல்லை. எனக்குச் சாதகமாகச் சொல்ல இரண்டு விஷயம் இருக்கிறது.

ஒன்று, கருவியின் பலவீனம் விளையாட்டுக்குள் புகுவது புதிதில்லை. 1978-இல் டோமோஹிரோ நிஷிகாடோ உருவாக்கிய 'ஸ்பேஸ் இன்வேடர்ஸ்' விளையாட்டில் எதிரிகளைச் சுடச் சுட மீதி இருப்பவை வேகமாக வரும். திரையில் வரைய வேண்டிய உருவங்கள் குறைந்ததால் அந்த இயந்திரத்தால் வேகமாக நகர்த்த முடிந்தது, அதுதான் மூல காரணம். அவர் அதைத் திருத்தாமல் அப்படியே விட்டார். இன்றைக்கு அந்த விளையாட்டின் உயிரே அதுதான். பழைய பெர்சனல் கம்ப்யூட்டர்களில் 'டர்போ' என்று ஒரு பொத்தான் இருந்ததையும் சிலர் பார்த்திருப்பீர்கள். பேர்தான் டர்போ. உண்மையில் அதனால் கிடைத்த பெரிய உபயோகம், கம்ப்யூட்டரின் வேகத்தைக் குறைத்துப் பழைய விளையாட்டுகளை ஆடும்படி செய்வது.

இரண்டு, மெதுவான கம்ப்யூட்டர் எல்லா விதத்திலும் சாதகம் இல்லை. பிரேமுக்கு ஒரு தடவைதான் விசை அழுத்தியிருக்கிறதா என்று பார்க்கிற மாதிரி எழுதப்பட்ட விளையாட்டில், பிரேம் நீளமானால் நாம் சட்டென்று தட்டி எடுக்கும் தட்டு கணக்கிலேயே வராமல் போகும். அதனால் அந்த சென்டர் பசங்க எல்லாருக்கும் விசையை அழுத்திப் பிடிக்கிற பழக்கம் இருந்தது. எனக்கு இப்போதும் இருக்கிறது. நல்ல கம்ப்யூட்டரில் என்னைக் கவிழ்த்ததில் பாதிப் பங்கு அந்த அழுத்திப் பிடிக்கும் விரலுக்குத்தான்.

ஆனாலும் வக்கீல் வாதம் எவ்வளவு பேசினாலும் ஒன்று இடிக்கிறது. முன்னால் சொன்னேனே, வேகம்தான் இந்த விளையாட்டின் பாஷை என்று. நான் அந்த பாஷையை எழுத்துக்கூட்டிப் படித்திருக்கிறேன். ஒவ்வொரு எழுத்தும் சரியாகத்தான் வாசித்தேன், மொத்தமாக என்ன சொல்கிறது என்று கேட்கவில்லை.

இப்போது முழு வேகத்தில் ஒரு பத்து நாள் பழகிய பிறகு அது தெரிகிறது. ஒரு சரிவில் இறங்கி, அந்த வேகத்தோடு சுருளில் ஏறி, மேலே போய் விடுபட்டு, காற்றில் மிதந்து, அடுத்த சரிவிலேயே கால் வைக்கிற அந்த நாலைந்து நொடி இருக்கிறதே, அதற்காகத்தான் இந்த விளையாட்டு மொத்தமும். அதில் தீர்மானம் எடுக்க நேரமே இல்லை. உடம்பு தானாகச் செய்ய வேண்டும். பாதி வேகத்தில் இது ஒரு கணக்கு, முழு வேகத்தில் இது ஓட்டம். 2008-இல் நான் கணக்கு போட்டேன், விடை சரியாக வந்தது.

இன்னொரு பக்கமும் சொல்லிவிடுகிறேன். பாதி வேகத்தில் எனக்கு ஒன்று கிடைத்தது, அது முழு வேகக்காரர்களுக்குக் கிடைத்திருக்குமா தெரியாது. அந்த ஓவியங்கள். சறுக்கும்போது பின்னால் சாயும் முதுகு, தாவும் முன் மடங்கும் முழங்கால், இதையெல்லாம் தனித்தனி படமாகப் பார்த்தேன். கார்ட்டூன் என்பது அசையாத படங்களை அடுக்கி அசைய வைக்கிற வேலை என்று எனக்குப் புரிந்ததே அந்தத் திணறும் மானிட்டரில்தான்.

விளையாட்டின் குறை

இந்த இரண்டு வேகத்திலும் ஆடிப் பார்த்ததில் விளையாட்டின் பலவீனமும் தெளிவாகத் தெரிகிறது. நன்றாக ஓடு, நிற்காதே என்று ஒவ்வொரு வளைவும் சொல்கிறது. ஆனால் பொறுக்கச் சொல்லும் சுருள் கோடுகள் மூலை முடுக்கில் கிடக்கின்றன. எல்லாவற்றையும் எடுக்க வேண்டுமென்றால் ஓட்டத்தை நிறுத்தி, திரும்பி, சின்னச் சின்னதாகக் குதித்துப் பொறுக்க வேண்டும். கடைசிச் சண்டையும் அப்படித்தான். இவ்வளவு நேரம் ஓடப் பழக்கிவிட்டு, முடிவில் ஒரே இடத்தில் நின்று நேரம் பார்த்துக் குதிக்கச் சொல்கிறது. 'முடிப்பது' என்று எதை நாம் சொல்கிறோமோ அந்தப் பகுதிதான் இந்த விளையாட்டிலேயே சுமாரான பகுதி. நான் அதில்தான் கெட்டிக்காரனாக இருந்திருக்கிறேன்.

எதைக் காப்பாற்றியிருக்கிறோம்?

2020 டிசம்பர் 31-உடன் அடோபி ஃப்ளாஷுக்கான ஆதரவை நிறுத்தியது. 2021 ஜனவரி 12 முதல் ஃப்ளாஷ் பிளேயரே உள்ளடக்கத்தை ஓட்ட மறுத்தது. ஆயிரக்கணக்கான விளையாட்டுகள் அத்தோடு போயிருக்க வேண்டியவை. போகவில்லை. 'ஃப்ளாஷ்பாயிண்ட்' என்ற தன்னார்வலர் திட்டம் லட்சத்துக்கும் மேற்பட்ட விளையாட்டுகளைச் சேகரித்து வைத்திருக்கிறது. 'ரஃபிள்' என்ற திறமூல மென்பொருள் அடோபியின் உதவி இல்லாமலே பழைய கோப்புகளை இன்றைய பிரவுசரில் ஓட்டுகிறது. இவர்களுக்கு நாம் எவ்வளவு நன்றி சொன்னாலும் தகும்.

ஆனால் அவர்கள் காப்பாற்றியது கோப்பை. கோப்பும் கம்ப்யூட்டரும் சேர்ந்ததுதான் நான் ஆடிய விளையாட்டு. அந்தக் கேபின், அந்தத் திணறல், பக்கத்து கேபின் அண்ணன் பெரிய கோப்பு எதையாவது திறந்தால் அவர் சென்டருக்கே மின்விசிறி நின்றது போல் நாங்கள் திட்டுவது, இதெல்லாம் எந்தச் சேகரிப்பிலும் வராது. பழைய விளையாட்டுகளைப் பற்றி எழுதுகிறவர்கள் 'கஷ்டமானது', 'சுலபமானது' என்று எழுதும்போது எந்தக் கம்ப்யூட்டரில் ஆடினோம் என்பதையும் ஒரு வரி எழுதி வைத்தால் நல்லது. அது இல்லாமல் அந்தத் தீர்ப்புக்கு அர்த்தம் பாதிதான். என் தீர்ப்பையே பார்த்தீர்கள் அல்லவா.

கடைசியாக ஒன்று. இதையெல்லாம் கண்டுபிடித்த அன்று ராத்திரி அத்தை பையனுக்குப் போன் பண்ணினேன். ஃப்ளாஷ், பிரேம் எல்லாம் விளக்கி, "நீ சொன்னதுதான்டா சரி, அது சறுக்கத்தான் செய்யுது" என்றேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை.

"எந்த கேம் மச்சான்?" என்றான்.

பேரைச் சொன்னேன், ஆரஞ்சு பேன்ட்டைச் சொன்னேன். ஞாபகம் இல்லை என்றான். கிண்டல் பண்ணியது மட்டும் ஞாபகம் இருக்கிறதாம். லிங்க் அனுப்பு, பையனோடு உட்கார்ந்து ஆடிப் பார்க்கிறேன் என்றான். அனுப்பியிருக்கிறேன். முழு வேகத்தில்.