கணக்காயர்: இடம் மாறிய ஒரு சொல்

நன்மை தராதவை என்று திரிகடுகத்தின் பத்தாம் பாட்டு மூன்றைச் சொல்கிறது. பிணக்கைத் தீர்த்துவைக்கும் மூத்தோர் இல்லாத அவை ஒன்று. பகுத்துண்ணும் குணமில்லாதவர் பக்கத்தில் குடியிருப்பது இன்னொன்று. இந்த இரண்டுக்கும் முன்னால், முதலாவதாக வைக்கப்பட்டிருப்பது கணக்காயர் இல்லாத ஊர். இன்று இந்தப் பாட்டை உரை இல்லாமல் படிக்கும் ஒருவர், ஊருக்கு வரவுசெலவு எழுத ஆள் வேண்டும் என்று அதை இயற்றிய நல்லாதனார் சொல்வதாக எடுத்துக்கொள்வார். அவரைக் குறை சொல்ல முடியாது. அவர் அறிந்த ஒரே கணக்காயர், சென்னை அண்ணா சாலையில் அலுவலகம் வைத்திருக்கும் மாநிலக் கணக்காயர். அரசு ஊழியர் ஓய்வுபெறும்போது ஓய்வூதியக் கோப்பு அங்கேதான் போய்ச் சேர்கிறது. அரசுப் பள்ளித் தமிழாசிரியரின் கோப்பும் அங்கேதான் போகிறது. பழைய வழக்குப்படி பார்த்தால் கணக்காயர் என்ற பெயருக்கு உரியவர் அந்தத் தமிழாசிரியர்தான்.

பழைய சொல் ஒன்றை எடுத்துப் புதிய பதவிக்குச் சூட்டும் வழக்கம் நம்மிடம் நெடுநாளாக இருக்கிறது. 1956-இல் ஆட்சிமொழிச் சட்டம் வந்தபின் அதற்குத் தேவை மிகுந்தது. அலுவலகம்தோறும் பதவிப் பெயர்கள் தமிழில் வேண்டியிருந்தன. அந்த வழக்கத்தின் வலிவையும் குறையையும் இந்த ஒரு சொல்லை வைத்தே எடைபோட்டுப் பார்க்க விரும்புகிறேன்.

முதலில் பொருள். கணக்கு என்றால் எண், வரவுசெலவு என்பது மட்டும் பொருளாக இருந்ததில்லை. எழுத்தும் கணக்கு, நூலும் கணக்கு. தமிழ் எழுத்துகளின் வரிசையை நெடுங்கணக்கு என்கிறோம். பதினெட்டு நூல்களின் தொகுதிக்குக் கீழ்க்கணக்கு என்று பெயர். திரிகடுகமே அந்தத் தொகுதியைச் சேர்ந்தது என்பதைக் கவனிக்க வேண்டும். கணக்கு என்பதற்கு நூல் என்ற பொருள் உண்டு என்பதற்கான சான்று, நூலின் தொகுதிப் பெயரிலேயே இருக்கிறது. மணிமேகலையின் இருபத்தேழாம் காதைக்குச் 'சமயக்கணக்கர் தம் திறம் கேட்ட காதை' என்று பெயர். வஞ்சி நகரில் அளவைவாதி முதல் பூதவாதி வரை ஒவ்வொருவராகத் தம் கொள்கையை எடுத்துரைக்க மணிமேகலை கேட்டுக்கொண்டிருக்கிறாள். அங்கே யாரும் வரவுசெலவு பார்க்கவில்லை. சமய நூலைக் கற்றுத் தெளிந்து வாதிடுகிறவர்களையே கணக்கர் என்கிறது காப்பியம்.

கணக்கோடு 'ஆய்' சேர்ந்தால் கணக்காயர். நூலை ஆய்கிறவர். ஆனால் பகுதி விகுதி பிரித்துப் பொருள் சொல்வதோடு நின்றுவிட்டால் பாதிதான் கிடைக்கும். சொல்லின் உண்மையான பொருள் அது வழங்கிய இடத்தில் இருக்கிறது. நாலடியாரில் அவையறிதல் அதிகாரத்தில் ஒரு பாட்டு உண்டு. முறையாகக் கல்லாத ஒருவன், கணக்காயர் பாடம் சொல்லும்போது காதில் விழுந்த ஒரு சூத்திரத்தைப் பிடித்துக்கொள்கிறான். அதை நல்லோர் அவையில் நாணமில்லாமல் எடுத்துவிட்டுத் தன் சிற்றறிவைக் காட்டிக்கொள்கிறான். இங்கே கணக்காயர் யார் என்பதில் ஐயமே இல்லை. நூலை ஓதுவிக்கிற ஆசிரியர். மாணவர்கள் எதிரே இருக்கிறார்கள், சூத்திரம் சொல்லப்படுகிறது, பக்கத்தில் நின்று ஒருவன் கேட்கிறான். திரிகடுகத்தின் ஊரிலும் இல்லாமற்போனவர் இவரேதான்.

சங்கப் புலவர் பெயர்களில் வரும் கணக்காயரைப் பற்றி அவ்வளவு உறுதியாகப் பேச முடியாது. நக்கீரரை மதுரைக் கணக்காயனார் மகனார் என்று ஏடுகள் குறிக்கின்றன. அந்த மதுரைக் கணக்காயனாரும் புலவர்தான், அகநானூற்றிலும் புறநானூற்றிலும் அவர் பாட்டுகள் உள்ளன. புலவர் பெயர்களுக்கு முன்னால் தொழிலைக் குறிக்கும் பெயர் வருவது அக்காலத்தில் இயல்பு. அறுவை வாணிகன் இளவேட்டனார் துணி விற்றார், மருத்துவன் தாமோதரனார் நோய் தீர்த்தார். எனவே பெயரை மட்டும் வைத்துக் கணக்காயன் என்பவர் கணக்கெழுதியவரா, கற்பித்தவரா என்று தீர்ப்புச் சொல்ல முடியாது. ஆனால் நாலடியாரும் திரிகடுகமும் காட்டும் பொருள் ஒரே திசையில் இருப்பதால், புலவர் பெயரிலும் ஆசிரியர் என்று கொள்வதே நேர்மையான வாசிப்பு. பாலாசிரியன், இளம்பாலாசிரியன் என்ற அடைமொழிகளும் அதே மதுரைப் புலவர்களிடையே வழங்குவது இதற்கு வலுச்சேர்க்கிறது. கற்பிப்பவருக்குள்ளேயே தரமும் துறையும் பிரித்துப் பெயரிட்ட ஒரு சமூகம் அது.

கணக்கு என்பதற்கு வரவுசெலவுப் பொருள் பிற்காலத்தில் ஒட்டிக்கொண்டது என்று சொல்லவும் நான் வரவில்லை. முதற் பராந்தகன் காலத்து உத்தரமேரூர்க் கல்வெட்டுகள் (919, 921), வாரியம் செய்து கணக்குக் காட்டாதவரையும் அவர் உறவினரையும் குடவோலைக்குத் தகுதியற்றவர் என்று விலக்குகின்றன. அது அசல் வரவுசெலவுக் கணக்கு. இரண்டு பொருளும் அருகருகே வாழ்ந்தன. பிறகு ஊர்க்கணக்கு, கோயில்கணக்கு, கணக்கப்பிள்ளை என்று ஒரு பக்கம் தழைத்தது. நூல் என்ற பக்கம் மெலிந்து, நெடுங்கணக்கு, கீழ்க்கணக்கு என்ற இரண்டு தூண்களில் மட்டும் நிற்கிறது. மூன்றாவது தூணாக இருந்திருக்க வேண்டியது கணக்காயர்.

இனி வழக்கத்தின் நல்ல பக்கம். மாநிலக் கணக்காயர் என்ற பெயர் கேட்க நன்றாக இருக்கிறது. சுருக்கமாக, மதிப்போடு, வாயில் தடையில்லாமல் வருகிறது. யாரும் அகராதி புரட்டாமல், கணக்குப் பார்க்கிற பெரிய அதிகாரி என்று புரிந்துகொள்கிறார்கள். புதிதாக ஒட்டுப்போட்டு ஆக்கிய சொல்லுக்கு இவ்வளவு எளிதில் மக்கள் இசைவு கிடைப்பதில்லை. பழஞ்சொல்லுக்கு ஏற்கெனவே தமிழின் ஒலி வடிவம் இருக்கிறது, அதனால்தான் அது நாக்கில் நிற்கிறது. ஏட்டில் உறங்கிக் கிடந்த ஒரு சொல்லை ஓய்வூதியர் ஒவ்வொருவர் வாயிலும் உலவவிட்டிருக்கிறார்கள். இது சிறிய காரியமில்லை.

இந்த வழக்கத்தால் வெற்றிபெற்ற சொற்களும் உண்டு. எழுத்தாளன் என்பது அகநானூற்றுப் புலவர் ஒருவரின் அடைமொழி: மதுரை எழுத்தாளன் சேந்தன் பூதனார். அங்கே ஏடெழுதுபவர் என்று கொள்வதே பொருத்தம். ஏடெழுதும் தொழில் போய்விட்டது, சொல் மட்டும் மிஞ்சியது, கதையும் கட்டுரையும் எழுதுபவருக்கு அது வந்து சேர்ந்தது. அதனால் பழம்பாட்டு எதுவும் பொருள் திரியவில்லை. கழகம் இன்னும் கடினமான எடுத்துக்காட்டு. குறளில் சூது அதிகாரத்தில் அது சூதாடும் இடம். கற்றோர் கூடும் இடம் என்றும் பழைய நூல்களில் வரும். இன்று பல்கலைக்கழகமும் கட்சியும் அந்தப் பெயரைத் தாங்குகின்றன. ஆனாலும் குறளுக்கு ஊறு வரவில்லை. குறளை உரையில்லாமல் படிப்பவர் குறைவு. ஒவ்வோர் உரையும் அந்த இடத்தில் நின்று பொருளைச் சொல்லிவிட்டுத்தான் நகர்கிறது.

திரிகடுகத்துக்கு அந்தக் காவல் இல்லை. அதை வாசிப்பவரும் சிலர், உரையோடு வாசிப்பவர் அவர்களிலும் சிலர். இங்கேதான் வழக்கத்தின் குறை தெரிகிறது. பதவிப் பெயர் தேடியவர்கள் சொல்லின் உறுப்புகளைப் பார்த்தார்கள்: கணக்கு இருக்கிறது, ஆய் இருக்கிறது, போதும். அந்தச் சொல் எந்தப் பாட்டில் எதைச் சொல்கிறது, அதை எடுத்துவிட்டால் அங்கே என்ன நேரும் என்று பார்த்ததாகத் தெரியவில்லை. உறுப்பை மட்டும் பார்த்தாலும் முழுப் பொருத்தம் இல்லை. மாநிலக் கணக்காயரின் முதன்மையான வேலை அரசின் கணக்குகளைத் தொகுப்பது. ஆய்வது தணிக்கைக்கு உரிய வினை. ஆய் என்ற பகுதி அந்தப் பதவியில் பாதி வேலைகூடச் செய்யவில்லை.

இலங்கைத் தமிழ் இதை வேறுவிதமாகக் கையாண்டது. அங்கே கணக்கு எழுதுபவர் கணக்காளர், தணிக்கை செய்பவர் கணக்காய்வாளர், அவர்களுக்குத் தலைவர் கணக்காய்வாளர் தலைமை அதிபதி. அதே கணக்கு, அதே ஆய், ஆனால் ஆய்வு என்று பெயராக்கி ஆளரைச் சேர்த்திருக்கிறார்கள். சொல் கொஞ்சம் நீளம், ஒலியில் கணக்காயருக்கு இணையாகாது. ஆனால் எந்தப் பழைய பாட்டின் மீதும் அது காலை வைக்கவில்லை. தெளிவிலும் ஒரு படி மேல். அழகுக்கும் தெளிவுக்கும் இடையில் ஒன்றைத் தேர்ந்தாக வேண்டும் என்றால், அலுவலகச் சொல்லுக்கு நான் தெளிவையே தேர்வேன்.

இழப்பு இன்னொரு பக்கத்திலும் இருக்கிறது. கற்றவரைத் துறைவாரியாகக் குறிக்க இன்று நம்மிடம் இருப்பவை பெரும்பாலும் இரண்டு அச்சுகள். ஒன்று இயலாளர்: கல்வெட்டியலாளர், நாணயவியலாளர், சுவடியியலாளர். யார் வேண்டுமானாலும் உடனே ஆக்கலாம், உடனே புரியும், அதுவே அதன் பலம். ஆனால் எல்லாம் ஒரே முகத்தோடு நிற்கின்றன, நாவில் தங்குவதில்லை. மற்றொன்று அறிஞர்: கல்வெட்டறிஞர், தமிழறிஞர். இது பாராட்டு. பிறர் சொல்லலாம், தன்னைத்தானே ஒருவர் தமிழறிஞர் என்று அறிமுகப்படுத்திக்கொள்ள முடியாது. கணக்காயரில் இந்தத் தொல்லை இல்லை. அது தொழிலின் பெயர். மதுரையில் ஒரு புலவர் அந்தப் பெயராலேயே அறியப்பட்டார், அவர் மகனும் கணக்காயனார் மகனார் என்றே குறிக்கப்பட்டார்.

இன்று ஏடுகளை ஒப்பிட்டு, பாட வேறுபாடு கண்டு, ஒரு நூலின் மூலத்தைத் தெளிவாக்குபவருக்குத் தனிப் பெயர் இல்லை. பதிப்பாசிரியர் என்கிறோம். அதே சொல் பத்திரிகையைத் தொகுப்பவருக்கும், பிறர் கட்டுரைகளைச் சேர்த்து முன்னுரை எழுதுபவருக்கும் வழங்குகிறது. சி.வை. தாமோதரம்பிள்ளையும் உ.வே. சாமிநாதையரும் செய்ததை அந்தப் பெயர் தாங்கவில்லை. மூலபாட ஆய்வாளர் என்ற தொடரைச் சிலர் ஆள்கிறார்கள், அது தொடராகவே நிற்கிறது, சொல்லாகவில்லை. இந்தப் பணிக்குக் கணக்காயர் என்று பெயரிட்டால் என்ன என்று பலமுறை எண்ணியிருக்கிறேன்.

அப்படிச் செய்வதும் நான் குறைகூறிய அதே வழக்கம்தானே என்று கேட்கலாம். கேள்வி நியாயமானது. பழைய கணக்காயர் ஓதுவித்தவர்; அவர் ஏடும் ஒப்பிட்டார் என்று எந்தப் பாட்டும் சொல்லவில்லை. ஆனால் ஏட்டுக் காலத்தில் இந்த இரண்டு வேலைகளும் எவ்வளவு தூரம் விலகியிருந்தன? ஆசிரியர் சொல்லச் சொல்ல மாணவர் எழுதிக்கொண்ட காலத்தில், எது சரியான சொல் என்று தீர்மானித்தவர் பாடம் சொன்னவர்தான். பாடம் என்ற சொல்லே இதற்குச் சாட்சி. ஆசிரியர் சொல்வதும் பாடம், ஏட்டுக்கு ஏடு வேறுபடுவதும் பாடம். திருவாவடுதுறையில் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பாடம் கேட்டு வந்த சாமிநாதையர் பின்னாளில் பாடபேதம் தேடி ஊர் ஊராக அலைந்ததில் ஒரு தொடர்ச்சி உண்டு. அந்தத் தொடர்ச்சி இருக்கும்வரை, இந்தப் பொருள் நீட்சி சொல்லை அதன் வீட்டுக்குள்ளேயே வைத்திருக்கிறது. வரவுசெலவுப் பொருளோ அதை வெளியே கொண்டுபோய்விட்டது.

மாநிலக் கணக்காயர் தம் பெயரை மாற்றிக்கொள்ள வேண்டும் என்று நான் கேட்கவில்லை. ஓய்வூதியப் படிவங்களிலும் முதியவர்களின் நினைவிலும் அது வேரூன்றிவிட்டது. அதைப் பிடுங்கினால் துன்பப்படுவது அவர்கள்தான். நான் கேட்பது சிறியது. அகராதிகளும் பாடநூல்களும் கணக்காயர் என்ற சொல்லுக்கு ஆசிரியர் என்ற பொருளை முதலில் எழுதட்டும், அதிகாரி இரண்டாவதாக வரட்டும். பழந்தமிழ் நூலை வரிவரியாக எடுத்துப் பாடம் சொல்பவர்கள் இன்னும் சிலர் இருக்கிறார்கள். அவர்களை அழைக்க இந்தச் சொல்லை ஆளத் தொடங்கலாம். ஒரே சொல் இரண்டு பொருளோடு வாழ்வது தமிழுக்குப் புதிதில்லை.

குறுந்தொகையில் 304-ஆம் பாட்டைப் பாடியவர் பெயர் கணக்காயன் தத்தன். பரதவர் திமிலிலிருந்து எறியுளியைக் கோட்டுமீன் மீது எறிய, கரையில் இருந்த அன்னக்கூட்டம் வெருண்டு எழும் கானல் அது. எறியுளியின் காம்பு உலர்ந்த மூங்கில் என்றுகூடச் சொல்கிறார் தத்தன். அப்படிப்பட்ட கரைக்கு உரியவனோடு கொண்ட நட்பு பகையைத் தந்துவிட்டது என்கிறாள் தலைவி. தத்தன் எந்த ஊரில் பிறந்தார், யாருக்கு என்ன நூலைக் கற்பித்தார் என்பதற்கு ஏட்டில் எந்தக் குறிப்பும் இல்லை. எஞ்சியவை இந்த ஒரு பாட்டும், பெயருக்கு முன்னால் நிற்கும் அந்தச் சொல்லும்தான்.