கோவிந்த் ஸ்வரூப்பும் 'மலிவு' என்ற பாராட்டும்

ரேடியோ வானியலாளர் கோவிந்த் ஸ்வரூப் 2020 செப்டம்பர் 7 அன்று புனேயில் காலமானார். வயது 91. அப்போதிலிருந்து அவரைப் பற்றிக் கண்ணில் பட்ட அஞ்சலிகள், கட்டுரைகள் எல்லாவற்றையும் ஒரு ஃபோல்டரில் போட்டு வைத்துக்கொண்டிருக்கிறேன். போன வாரம் உட்கார்ந்து வரிசையாகப் படித்தபோது ஒரு விஷயம் உறுத்தியது. பாதிக்கு மேற்பட்டவை ஒரே இடத்தைத்தான் சுற்றி வருகின்றன: குறைந்த செலவில் உலகத்தரமான தொலைநோக்கி கட்டினார். தகவலாக இதில் தப்பில்லை. ஆனால் முதல் பாராட்டாக இதைச் சொல்வது அவருக்குச் செய்யும் அநியாயம்னு நினைக்கிறேன். ஏன் என்று எழுதிப் பார்க்கிறேன்.

முதலில் ஊட்டி. முத்தோரை பாலாடா பக்கம் போனால் கேரட் தோட்டங்களுக்கு மேலே மலைச்சரிவில் படுத்திருக்கும் அந்தக் கம்பிச் சட்டத்தைப் பார்க்கலாம். 530 மீட்டர் நீளம், 30 மீட்டர் அகலம். 24 பரவளையச் சட்டங்கள், அவற்றின் மேல் நீளவாக்கில் இழுத்துக் கட்டிய 1100 ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் கம்பிகள். வானத்திலிருந்து வரும் 326.5 மெகாஹெர்ட்ஸ் அலைகள் இந்தக் கம்பிகளில் பட்டுக் குவிகோட்டில் இருக்கும் 1056 டைபோல்களுக்குப் போகின்றன. 1970-இல் வேலை செய்யத் தொடங்கியது.

இதில் மூளை எங்கே இருக்கிறது? சரிவில் இருக்கிறது. சாதாரணமாக ஒரு தொலைநோக்கி வானத்தில் ஒரு பொருளைத் தொடர வேண்டுமென்றால் இரண்டு அச்சுகளில் திரும்ப வேண்டும். பூமி தன் அச்சில் சுற்றுவதால்தான் நட்சத்திரங்கள் நகர்வதாகத் தெரிகிறது. ஆகவே தொலைநோக்கியின் அச்சைப் பூமியின் அச்சுக்கு இணையாக வைத்துவிட்டால் ஒரே ஒரு சுழற்சி போதும். ஆனால் அப்படி வைக்க, தரையிலிருந்து அந்த ஊரின் அட்சரேகைக் கோணத்துக்கு அதைச் சாய்க்க வேண்டும். ஊட்டியின் அட்சரேகை சுமார் 11.4 டிகிரி. ஸ்வரூப்பின் குழு தேடியது வடக்கு தெற்காக ஏறக்குறைய 11 டிகிரி சரிவுள்ள ஒரு மலையை. தேடிக் கண்டுபிடித்து அதன் மேல் தொலைநோக்கியைப் படுக்க வைத்துவிட்டார்கள். தினமும் சுமார் ஒன்பதரை மணி நேரம் ஒரு பொருளைத் தொடரலாம். வடக்கு தெற்குத் திசையில் பார்வையை மாற்ற இரும்பை அசைக்க வேண்டியதே இல்லை. டைபோல்களுக்கு இடையிலான ஃபேஸை மாற்றினால் போதும்.

கொஞ்சம் கணக்குப் போட்டுப் பார்த்தேன். 530 மீட்டர் நீளத்தை ஊட்டிச் சரிவில் சாய்த்தால் இரண்டு முனைகளுக்கும் உயர வித்தியாசம் 100 மீட்டர் சொச்சம். மலை அதைச் சும்மாவே கொடுக்கிறது. இதே டிசைனை டெல்லியில் (28.6 டிகிரி) வைத்தால் வித்தியாசம் சுமார் 250 மீட்டர். கேம்பிரிட்ஜில் 52 டிகிரி, 400 மீட்டரைத் தாண்டும். அங்கே எவ்வளவு பணம் வைத்திருந்தாலும் இதை யாரும் கட்டமாட்டார்கள். அதாவது, பணக்கார நாட்டுக்காரன் செய்ததை நாம் மலிவாகச் செய்த கதை இல்லை இது. பூமத்திய ரேகைக்குப் பக்கத்தில் மலை வைத்திருப்பவனுக்கு மட்டும் முடிகிற ஒன்றைக் கண்டுகொண்ட கதை. இதை 'மலிவு' என்று சொல்வது, தண்ணீர் தானாகப் பாயும் இடம் பார்த்து வயல் போட்டவனை "கமலை மாட்டுச் செலவை மிச்சம் பிடித்தார்" என்று பாராட்டுவது மாதிரி. மிச்சம் வாஸ்தவம்தான். பாராட்ட வேண்டியது இடம் பார்த்த கண்ணை.

எதற்காக இவ்வளவு பெரிதாகக் கட்டினார்கள் என்பதும் இதோடு சேர்ந்தது. 92 சென்டிமீட்டர் அலைநீளத்தில் 530 மீட்டர் ஆன்டெனாகூட மங்கலாகத்தான் பார்க்கும். நுணுக்கத்துக்கு ஸ்வரூப் நம்பியது நிலாவை. ஒரு ரேடியோ மூலத்தை நிலாவின் விளிம்பு மறைக்கும்போது சிக்னல் எப்படிக் குறைகிறது என்று பார்த்தால் அந்த மூலத்தின் வடிவத்தையும் அளவையும் கணக்கிட்டுவிடலாம். வானத்தில் நிலா நகரும் வேகம் நொடிக்கு அரை ஆர்க்செகண்ட் சுமார். ஒரு ஆர்க்செகண்ட் என்பது டிகிரியில் 3600-இல் ஒரு பங்கு. நிலா தினமும் இலவசமாக ஓட்டிக் காட்டும் கத்தி முனை! ஆனால் மங்கலான மூலங்கள் மறைவதைப் பிடிக்க வேண்டுமானால் சேகரிக்கும் பரப்பு பெரிதாக இருக்க வேண்டும், நிலாவை மணிக்கணக்கில் தொடரவும் வேண்டும். அளவு, அச்சு, மலை மூன்றும் இந்த ஒரு கேள்வியிலிருந்து வருகின்றன. (பி.இ.யில் ஆன்டெனா பேப்பரைத் தட்டுத்தடுமாறித் தாண்டியவன் நான். அன்றைக்கு இதை உதாரணமாகச் சொல்லியிருந்தால் ஒழுங்காகப் படித்திருப்பேனோ என்னவோ.)

இப்போது மலிவின் இன்னொரு முகம். அஞ்சலிகள் இதை ஒரு வரியில் தாண்டிவிடுகின்றன. டெல்லி தேசிய இயற்பியல் ஆய்வகத்தில் ஸ்வரூப்பின் தலைவர் கே.எஸ். கிருஷ்ணன், நம்ம வத்திராயிருப்புக்காரர், ராமனோடு ஆராய்ச்சி செய்தவர். 1952-இல் சிட்னி மாநாட்டுக்குப் போன அவர், ஆஸ்திரேலியர்கள் ரேடியோ வானியலில் செய்வதைப் பார்த்துவிட்டு வந்து சொன்னதுதான் விதை. 1953-இல் கொழும்புத் திட்ட உதவித்தொகையில் ஸ்வரூப் சிட்னிக்குப் போனார். அங்கே பாட்ஸ் ஹில் என்ற இடத்தில் கிறிஸ்டியன்சன் சூரியனைப் பார்க்க 32 சிறு தட்டு ஆன்டெனாக்களை வரிசையாக வைத்திருந்தார். ஒவ்வொன்றும் ஆறடி. அவற்றைக் கழற்றிப் போடப்போகிறார்கள் என்று தெரிந்ததும் ஸ்வரூப், இந்தியாவுக்குக் கொடுங்கள் என்று கேட்டார். கொடுக்கச் சம்மதித்துவிட்டார்கள். சும்மாவே!

பிறகு? கப்பல் கூலியை யார் கொடுப்பது, அந்நியச் செலாவணி எங்கே என்று ஃபைல் நின்றுவிட்டது. 32 தட்டும் இலவசம், கொண்டுவரும் கூலிக்கு வழியில்லை. காத்திருந்து பார்த்த ஸ்வரூப் 1956-இல் அமெரிக்கா போய்விட்டார். முதலில் டெக்சாஸில் ஹார்வர்டின் நிலையம், பிறகு ஸ்டான்ஃபோர்டில் பிரேஸ்வெல்லிடம் முனைவர் பட்டம். தட்டுகள் ஒருவழியாக வந்து, பம்பாய்க்குப் பக்கத்தில் கல்யாணில் வரிசையாக நின்று சூரியனைப் பார்த்தது 1965-இல். பத்து வருஷம். செலவை மிச்சம் பிடிப்பதுதான் இந்திய அறிவியலின் பலம்னு எழுதுகிறவர்கள் இந்தப் பத்து வருஷத்தை எந்தக் கணக்கில் எழுதுவார்கள்?

எதிர் உதாரணமும் இதே வாழ்க்கையில் இருக்கிறது. 1961-இல் வெளிநாட்டிலிருந்த நான்கு இந்திய ரேடியோ வானியலாளர்கள் (ஸ்வரூப், டி.கே. மேனன், எம்.ஆர். குண்டு, டி. கிருஷ்ணன்) சேர்ந்து, நாங்கள் திரும்பி வந்து ஒரு குழு அமைக்கிறோம் என்று இந்திய நிறுவனங்களுக்கு எழுதினார்கள். டாடா ஆராய்ச்சி நிறுவனத்தின் ஹோமி பாபா சில மாதங்களில் குழு அமைக்க முடிவெடுத்துவிட்டதாகத் தந்தி அடித்தார். 1963-இல் ஸ்வரூப் வந்து சேர்ந்தார். நால்வரில் வந்து நிலைத்தவர் அவர் ஒருவர்தான். ஏழு வருஷத்தில் ஊட்டி தயார், நடுவே 1966-இல் பாபா விமான விபத்தில் இறந்துபோன பிறகும்கூட. அதே நாடு, அதே ஆள். ஒரு பக்கம் கூலிக்குக் கணக்குப் பார்த்தார்கள், இன்னொரு பக்கம் உடனே சரி என்றார்கள்.

இது எனக்கு ஏன் இவ்வளவு உறுத்துகிறது என்றால், நான் இருக்கும் தொழில் அப்படி. சாஃப்ட்வேரில் இருபது வருஷம் தாண்டிவிட்டது. ஒரு முறை எங்கள் டீம், எட்டு மணி நேரம் ஓடிக்கொண்டிருந்த ஒரு பேட்ச் ஜாபை நாற்பது நிமிஷத்துக்குக் கொண்டுவந்தது. புது மெஷின் எதுவும் வாங்கவில்லை. டேட்டாவைப் படிக்கும் வரிசையை மாற்றினோம், அவ்வளவுதான். ஆனால் அதைக் கண்டுபிடிக்க மூன்று மாதம் மண்டையை உடைத்தோம். வருஷக் கடைசி மீட்டிங்கில் எங்கள் ஸ்லைடில் இருந்தது என்ன தெரியுமா? மணிக்கு எத்தனை டாலர் மிச்சம் என்பது மட்டும். அடுத்த வருஷம் அதே வேலையை இன்னும் மலிவாகச் செய்ய முடியுமா என்றுதான் கேட்டார்கள். மலிவுக்காகப் பாராட்டப்பட்டவனிடம் அடுத்து கேட்கப்படுவது அதுதானே. மங்கள்யானை ஹாலிவுட் படச் செலவோடு ஒப்பிட்டுக் கைதட்டியபோதும் எனக்கு இதே ஸ்லைடுதான் ஞாபகம் வந்தது.

நியாயமாக இன்னொன்றையும் சொல்ல வேண்டும். மலிவுப் பாராட்டைக் குறைத்துக்கொண்டு வேறு மிகையில் விழக்கூடாது. ஊட்டி 'பெருவெடிப்பை நிரூபித்தது' என்று சிலர் எழுதுகிறார்கள். 1965-லேயே பென்சியாஸும் வில்சனும் அண்டப் பின்புலக் கதிர்வீச்சைக் கண்டுபிடித்து நிலைமையை மாற்றிவிட்டார்கள். ஊட்டி செய்தது வேறு: நூற்றுக்கணக்கான மங்கலான மூலங்களின் கோண அளவை அளந்தது. 1975-இல் ஸ்வரூப்பும் விஜய் கபாஹியும் எழுதிய கட்டுரைகளின் வாதம், அந்த மூலங்கள் காலத்தோடு மாறி வந்திருக்கின்றன என்பது. எப்போதும் ஒரே மாதிரி இருக்கும் பிரபஞ்சம் என்ற கொள்கைக்கு அது இடைஞ்சல். அந்தக் கொள்கையின் முக்கிய ஆதரவாளரான நார்லிகர் அப்போது அதே டாடா நிறுவனத்தில் இருந்தார்! இந்த மாதிரி ஒரு காட்சியை விட்டுவிட்டு எப்படித்தான் அஞ்சலி எழுதுகிறார்களோ.

அடுத்த பெரிய வேலையான ஜி.எம்.ஆர்.டி.யிலும் இதே குறை. புனேக்கு வடக்கே கோடத் கிராமத்தைச் சுற்றி 45 மீட்டர் தட்டுகள் 30. அரை மில்லிமீட்டர் சொச்சம் தடிமனுள்ள கம்பி வலையை எஃகுக் கயிறுகளில் இழுத்துக் கட்டியது. காற்று ஊடே போய்விடும் என்பதால் தாங்கும் சட்டம் லேசாக இருந்தால் போதும். மீட்டர் அலைநீளத்துக்கு அந்த வலையே கண்ணாடி மாதிரி. இந்த அலைவரிசைகளைத் தேர்ந்தெடுத்ததற்கு இந்தியாவில் ரேடியோ இரைச்சல் குறைவாக இருந்ததும் ஒரு காரணம். இது எல்லாக் கட்டுரையிலும் இருக்கிறது. இல்லாதது, அதைக் கட்டச் சொன்ன முதல் காரணம்: ஆரம்பகாலப் பிரபஞ்சத்தில் கேலக்ஸிக் கூட்டங்கள் ஆவதற்கு முன்பிருந்த ராட்சத ஹைட்ரஜன் மேகங்களைப் பிடிப்பது. அவை கிடைக்கவில்லை. பல்சர்களும் கேலக்ஸிகளும் வேறு ஆயிரம் விஷயங்களும் கிடைத்தன. கேட்ட கேள்விக்கு விடை வராமல் போனதையும் சேர்த்து எழுதியிருந்தால் அவருடைய ஆயுள் வேலை இன்னும் புரியும்.

ஸ்டான்ஃபோர்டில் இருந்தபோது கேபிளில் ஃபேஸை அளக்க அவர் யாங்கோடு சேர்ந்து கண்டுபிடித்த முறை பற்றி இங்கே எழுத இடமில்லை. 1961 கட்டுரை கிடைத்துவிட்டது, படித்துக்கொண்டிருக்கிறேன். புரிந்தால் அடுத்த பதிவு அதுதான்.