ஒரே ஓர் 'ஒருவேளை'

மனமும் குவாண்டமும் பல உலகங்களும் சேரும் கதை மரபைப் பற்றி எழுதும்படி மலர்க் குழுச் செயலாளர் கேட்டுக்கொண்டார். எங்கள் கோவண்டி வாசிப்பு வட்டத்து மூத்தவர்களைச் சொல்லாமல் இதை எழுத முடியாது. அவர்களைச் சொன்னால் இன்றைய நிலையைச் சொல்லாமல் இருக்கவும் முடியாது. இரண்டாவதைக் கூடியமட்டும் மென்மையாகவே சொல்லப் பார்க்கிறேன்.

இந்த மரபின் வழிகள் எவை என்பது உறுப்பினர்களுக்குத் தெரியும். வீரை ஆளவந்தார் ஞானவாசிட்டமாகத் தமிழில் தந்த வாசிட்ட வழி மூத்தது. லீலை கதையில், இறந்து எட்டே நாளான அந்தணன் தன் வீட்டு அறை வெளிக்குள்ளேயே அரசனாகி ஓர் ஆயுள் முழுக்க ஆண்டு முடிக்கிறான். அறிவே உலகம் என்று முதலிலேயே சொல்லிவிட்ட நூல். ஆகவே அங்கே கணக்கு உதைப்பதில்லை. அடுத்தது விக்னர் வழி. பொருள், கருவி, கண், மூளை என்று நீளும் அளவீட்டுச் சங்கிலியை எங்கே வேண்டுமானாலும் வெட்டலாம் என்று 1932-இல் ஃபான் நாய்மன் காட்டினார். 1961-இல் விக்னர் அதை மனத்தின் வாசலில் வெட்டினார். பிற்பாடு அவரே அந்த வாசலை விட்டுப் போய்விட்டார் என்பதை நம் பேச்சாளர்கள் சொல்வதில்லை. 1957-இல் வந்தது எவரெட் வழி: எந்தக் கிளையும் ஒடிவதில்லை, எல்லாம் நடக்கிறது. பென்ரோஸும் ஹாமராஃபும் மனத்தைத் தேடி மூளையின் நுண்குழல்களுக்குப் போனார்கள். அந்தச் சூட்டில் குவாண்டம் நிலை ஒரு வினாடியின் லட்சம் கோடியில் ஒரு பங்குகூட நிற்காது என்று 2000-இல் டெக்மார்க் கணக்குப் போட்டார். அந்தத் தரப்பு மறுப்பு எழுதியது. வழக்கு நடக்கிறது, நமக்கு அவசரமில்லை.

எங்கள் வழி நார்லிகர் வழி. மராத்திக்காரர் நமக்கு எப்படிக் குரு என்று கேட்பவர்கள் ஹார்பர் லைனில் ஏறிச் சூனாபட்டியில் இறங்கிப் பார்க்கலாம். 1966-இல் தொடங்கிய மராத்தி விஞ்ஞான பரிஷத் அங்கேதான் இருக்கிறது. அதன் 1974 போட்டிக்கு 'கிருஷ்ண விவர்' என்று ஒரு கருந்துளைக் கதை வந்தது. எழுதியவர் நாராயண் விநாயக் ஜக்தாப். பரிசும் கிடைத்தது. பிறகுதான் தெரிந்தது, கொலாபாவில் டாடா நிறுவனத்தில் அண்டவியல் செய்துகொண்டிருந்த ஜயந்த் விஷ்ணு நார்லிகரே தம் முதலெழுத்துகளைத் திருப்பிப் போட்டு எழுதியிருக்கிறார் என்று. பெயருக்காகப் பரிசு கிடைக்கக் கூடாது என்று நினைத்த காலம் அது.

நம் பிள்ளைகள் பதினோராம் வகுப்பு ஆங்கிலப் பாடத்தில் படித்த அவருடைய கெய்த்தொண்டே கதையைத்தான் எங்கள் வட்டத்துப் பெரியவர் உரைகல்லாக வைத்திருந்தார். புணேயில் லாரி மோதிய வரலாற்றுப் பேராசிரியர் கெய்த்தொண்டே, 1761 பானிபட்டில் மராத்தியர் வென்ற இன்னோர் உலகத்துப் பம்பாயில் வந்து இறங்குகிறார். ஆசாத் மைதானக் கூட்டத்தில் காலியாகக் கிடந்த தலைவர் நாற்காலியில் போய் உட்கார்ந்து, அடிபட்டுத் திரும்புகிறார். (அந்த உலகத்தில் தலைமையுரையே ஒழிந்துவிட்டதாம். நம் ஆண்டு விழாவுக்கு வருகிறவர்களுக்கு அங்கே குடியேறும் ஆசை வரும்.) ஏன் இப்படி நடந்தது என்று நண்பர் விளக்கும் இடத்தில்தான் நார்லிகரின் கை தெரிகிறது. மோதிய கணத்தில் பேராசிரியர் பானிபட்டை நினைத்துக்கொண்டிருந்தார். ஒருவேளை அவர் மூளை நரம்பணுக்கள் தூண்டுவிசையாக இருந்திருக்கலாம். அவ்வளவுதான். கதை முழுக்க மனத்துக்குக் கொடுத்த சலுகை அந்த ஒரே ஓர் 'ஒருவேளை'. அதற்கும் விலை ஒரு லாரி.

பெரியவர் டிராம்பேயில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். ஞாயிறு மாலை வாசிப்பில் பென்சிலும் எவர்சில்வர் டம்ளருமாக உட்கார்ந்திருப்பார். 'பார்வையாளர்' என்ற சொல் காதில் விழுந்தால் டம்ளரில் ஒரு தட்டு. "யாருப்பா பார்த்தது? ஆளா, கருவியா?" பதில் வராமல் அடுத்த வரிக்குப் போகவிட மாட்டார். சென்னை கிறித்தவக் கல்லூரியில் படித்து டாடா நிறுவனத்திலும் இருந்த சுதர்சன், மிஸ்ராவோடு சேர்ந்து 1977-இல் எழுதிய ஸீனோ விளைவைத்தான் அவர் உதாரணம் சொல்வார். பார்த்துக்கொண்டே இருந்தால் மாற்றம் நின்றுபோகும் என்பது அது. 1990-இல் பெரிலியம் அயனிகளில் அதைச் சோதித்துக் காட்டியபோது பார்த்தது துடிப்புத் துடிப்பாய் விட்ட ஒளி. எந்த ரிஷியும் அல்ல.

இப்போது நிலைமை வேறு. யாரையும் சுட்டவில்லை. சிலர், நல்ல நோக்கத்தோடுதான், விக்னரையும் எவரெட்டையும் ஒரே கதைக்குள் அழைத்துவந்து ஜாதகம் பாராமல் சம்பந்தம் பேசி முடித்துவிடுகிறார்கள். பார்ப்பவருக்குத் தனிச் சலுகை கிடையாது, அவரும் இயற்பியலுக்குள் அடங்கிய பொருளே என்று சொல்வதற்காக எழுந்தது எவரெட் வழி. அதில் போய் நாயகி கண்ணை மூடித் தியானித்து உலகம் உலகமாகத் தாவுகிறாள். பிரிந்த கிளைகள் நடைமுறையில் ஒன்றோடொன்று பேசா என்பதைக் கதாசிரியர் மீறட்டும், தாராளமாக மீறட்டும். எங்கே மீறினோம் என்று ஒரு வரி எழுதக் கூடாதா? லாரி வேண்டாம், ஒரு சைக்கிளாவது மோத வேண்டாமா? கைபேசியில் விரலைத் தள்ளினால் அண்டம் மாறுகிறது. உயிரும் சாவும் கலந்த நிலையில் இருக்க வேண்டிய பெட்டிப் பூனை எல்லாக் கதையிலும் உயிரோடு வந்து பால் குடிக்கிறது. அளந்தால் சரியும் குவாண்டம் அலைச்சார்பு ஆன்மாவுக்கும் உண்டு என்று மேடையில் சொல்கிறார்கள். கை தட்டுகிறோம், பொன்னாடையும் போர்த்துகிறோம். புதுமனை புகுவிழா அழைப்பிதழில்கூட குவாண்டம் ஆற்றல் வந்துவிட்டது. இப்படியே போனால் பந்தியில் ரசம் சரிந்ததா அலைச்சார்பு சரிந்ததா என்று பரிமாறுகிறவர்தான் சொல்ல வேண்டும். ஹார்பர் லைன் வண்டிகூட அந்தக் காலத்தில் நேரத்துக்கு வந்தது என்று எழுதக் கை வருகிறது, அடக்கிக்கொள்கிறேன்.

நார்லிகர் 2025 மே மாதம் புணேயில் காலமானார். நம் இரங்கல் கூட்டத்தில் அவரைப் புகழ்ந்தவர்களில் எத்தனை பேர் ஒரு கதையாவது படித்திருந்தார்கள் என்று நான் கேட்கவில்லை. தகுதியான கதை வராத ஆண்டில் நம் போட்டியின் முதல் பரிசை நிறுத்திவைத்து, அந்தப் பணத்தில் அவர் தொகுதிகளை நூலகத்துக்கு வாங்கலாம் என்று பொதுக்குழுவில் முன்மொழிந்தேன். 'இதர பொருள்கள்' என்று கடைசியில் போட்டார்கள். அது வருவதற்குள் போண்டா வந்துவிட்டது. தீர்மானம் இன்னும் நிலுவையில்தான் இருக்கிறது. வழிமொழிய ஓர் ஆள் வேண்டும்.