பக்கத்தில் வண்டி இருப்பது தெரியாதா?

கார் வாங்கப் போகிறவர்கள் பேச்சில் மைலேஜுக்கு அடுத்தபடி இப்போது அடிபடும் சொல் ஏடாஸ், அதாவது ஓட்டுநருக்கு உதவும் மின்னணு வசதிகளின் தொகுப்பு. 2020-ல் எம்.ஜி. குளோஸ்டர், 2021-ல் மஹிந்திரா எக்ஸ்யுவி 700, 2022-ல் ஹோண்டா சிட்டி ஹைப்ரிட் என்று வந்த வசதி, இன்று சிறிய கார்களின் மேல் வேரியண்ட் வரை இறங்கிவிட்டது. அதில் லேன் மாறும்போது உதவும் பகுதிக்கு மட்டும் தனியாக ஒரு வக்காலத்து கிளம்பியிருக்கிறது. உயிரைக் காப்பாற்றும் என்பதோடு நிற்காமல், நம்மைத் திருத்தவும் செய்யும் என்கிறார்கள். இண்டிகேட்டர் போடாமல் கோட்டைத் தாண்டினால் ஸ்டியரிங் எதிர்த்து இழுக்கும். பக்கத்தில் வண்டி இருக்கும்போது ஒதுங்கப் பார்த்தால் பீப் அடிக்கும். திட்டு வாங்கித் திட்டு வாங்கியே நம் ஓட்டுநர்கள் லேன் ஒழுங்கைக் கற்றுக்கொள்வார்களாம். வாகன விமர்சகர்கள் சிலர் இதை ஒரு சீர்திருத்த இயக்கம் போலவே பேசுகிறார்கள்.

நம் சாலையில் இந்தக் கருவி கற்றுக்கொடுப்பது நேர் எதிரான பாடத்தை என்பது என் நெடுநாள் எண்ணம்.

கொடுக்க வேண்டியதை முதலில் கொடுத்துவிடலாம். அமெரிக்காவில் சாலைப் பாதுகாப்பை ஆராயும் ஐ.ஐ.எச்.எஸ். நிறுவனத்தின் ஆய்வில், பிளைண்ட் ஸ்பாட் (மிரரில் தெரியாத பகுதி) எச்சரிக்கை உள்ள கார்களில் லேன் மாறும்போது நேரும் விபத்துகள் 14 சதவீதமும், அவற்றில் காயம் ஏற்படுத்துபவை 23 சதவீதமும் குறைந்திருந்தன. நல்ல எண்கள்தான். திண்டிவனம் தாண்டி, இரவு பதினொரு மணிக்கு, வலது மிரரில் ஒன்றும் தெரியாத இருட்டில், ஆம்னி பஸ் ஒன்று பாய்ந்து வருவதை மிரரில் எரியும் சிறு மஞ்சள் விளக்கு முன்கூட்டிச் சொன்னால் அதற்கு நன்றி சொல்லத்தான் வேண்டும்.

கருவி வேலை செய்யும் விதம் எளிது. பின் பம்பரின் இரு மூலைகளிலும், பிளாஸ்டிக்குக்கு உள்ளே, கைக்கு அடக்கமான ஒரு ரேடார். அது அனுப்பும் அலை பக்கத்து வண்டியில் பட்டுத் திரும்புகிறது. திரும்பும் நேரத்தில் தூரம் தெரிகிறது, அலைவரிசை மாறும் அளவில் வேகம் தெரிகிறது. வண்டி நம் மிரருக்கும் பின் பம்பரைத் தாண்டிய சில மீட்டருக்கும் இடையில் இருந்தால் மிரரில் விளக்கு எரியும். தொலைவிலிருந்து வேகமாக நெருங்கினாலும் எரியும். அந்த நேரம் பார்த்து அந்தப் பக்கம் இண்டிகேட்டர் போட்டால் விளக்கு சிமிட்டும், பீப் ஒலிக்கும். விலை கூடிய கார் கொஞ்சம் பிரேக்கும் பிடிக்கும்.

கேமராவை மிரருக்குக் கீழே வைத்து வால்வோவும், ரேடாரைப் பம்பருக்குள் வைத்து ஆடியும் இதைச் சந்தைக்குக் கொண்டுவந்து இருபது ஆண்டுகள் ஆகின்றன. அவர்கள் மனத்தில் இருந்தது எந்தச் சாலை என்பது கணக்கிலேயே தெரியும். ஜெர்மனியின் ஆட்டோபானில் நீங்கள் 130-ல் போகிறீர்கள், பின்னால் ஒருவர் 200-ல் வருகிறார். வித்தியாசம் நொடிக்கு ஏறக்குறைய 20 மீட்டர். எழுபது மீட்டர் பின்னால் இருப்பவர் மூன்றரை நொடியில் உங்கள் பக்கத்தில் இருப்பார். மிரரில் அவர் ஒரு புள்ளி. அந்தப் புள்ளியைக் கண் தவறவிடும், ரேடார் விடாது. மிக நல்ல தீர்வு. ஆனால் அது நல்ல தீர்வாக இருப்பதற்கு ஒரு நிபந்தனை உண்டு: பக்கத்து லேன் பெரும்பாலான நேரம் காலியாக இருக்க வேண்டும். எப்போதும் அணைந்திருக்கும் விளக்கு எரியும்போதுதான் அது செய்தி.

இதைச் சென்னையின் ஜி.எஸ்.டி. சாலைக்குக் கொண்டுவாருங்கள். மாலை ஏழு மணி, பெருங்களத்தூர் தாண்டியாயிற்று, வண்டலூரில் கேளம்பாக்கம் சாலைக்குத் திரும்ப வேண்டும். நீங்கள் வலது ஓரத்தில் மாட்டிக்கொண்டிருக்கிறீர்கள், இடப்பக்கம் ஒதுங்க வேண்டும். உங்கள் வேகம் இருபது, உங்களுக்கும் மாநகரப் பேருந்துக்கும் நடுவே இருக்கும் ஒரு மீட்டர் சந்தில் வரும் பைக்குகளின் வேகம் முப்பத்தைந்து. அதாவது அவை நொடிக்கு நான்கு மீட்டர்போல் உங்களைக் கடக்கின்றன. ரேடார் பார்க்கும் ஆறேழு மீட்டர் நீளத்தில் ஒரு பைக் இருப்பது ஒன்றரை நொடி. அது போவதற்குள் அடுத்தது. பிறகு ஒரு ஷேர் ஆட்டோ. பிறகு டெலிவரி பையன் ஒருவர், முதுகில் சதுரப் பெட்டியோடு. மிரரில் விளக்கு எரிகிறது. எரிந்துகொண்டே இருக்கிறது. அணையும் கணம் எப்போது வருகிறது என்றால், பேருந்தும் நீங்களும் ஒட்டி நின்று நடுவில் பைக் நுழையக்கூட இடமில்லாதபோது. அப்போதும் பேருந்தைப் பார்த்து எரியக்கூடும்.

சரி, இண்டிகேட்டர் போடுகிறீர்கள். உடனே பீப், பீப், பீப். பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர் "எதுக்குக் கத்துது?" என்கிறார். உங்களுக்கு என்ன தெரிந்துவிட்டது? பக்கத்தில் வண்டி இருக்கிறது என்று தெரிந்தது. அது தெரியாமலா ஜி.எஸ்.டி. சாலையில் ஓட்டுகிறீர்கள்? அங்கே உங்களுக்குத் தெரிய வேண்டியது வேறு: இந்தப் பைக்காரர் விடுவாரா, விடமாட்டாரா? அதற்கான விடை அவர் ஆக்சிலேட்டரைத் தளர்த்துகிறாரா, உங்கள் முன்சக்கரத்தைப் பார்க்கிறாரா, பின்னால் உட்கார்ந்திருப்பவர் கையை நீட்டுகிறாரா என்பதில் இருக்கிறது. நீங்கள் மூக்கை அரை அடி நுழைக்கிறீர்கள், ஒருவர் தயங்குகிறார், இன்னும் அரை அடி. மூன்றாவது ஆள் நின்று வழி விடுகிறார். நுழைந்துவிட்டீர்கள். முதல் கணத்திலிருந்து கடைசிக் கணம் வரை கருவி சொன்னது ஒரே சொல்: ஆபத்து. விடமாட்டேன் என்று வந்தவருக்கும் நின்று கொடுத்தவருக்கும் அதே பீப்தான். தெருவில் போகிற எல்லாரையும் பார்த்துக் குரைக்கும் நாய், திருடன் வரும்போதும் குரைக்கத்தான் செய்யும். எழுந்து பார்ப்பது யார்?

இதிலும் மோசமான ஒன்று உண்டு. சீர்திருத்த வாதத்தைக் கவிழ்ப்பது அதுதான். கோட்டைத் தாண்டினால் ஸ்டியரிங்கை இழுக்கும் பகுதி பெரும்பாலான கார்களில் அறுபது கிலோமீட்டர் வேகத்தை ஒட்டித்தான் விழிக்கும். அதுவும் கோடு தெரிந்தால். நகர வேகத்தில் அது தூங்குகிறது. விழித்திருப்பது பிளைண்ட் ஸ்பாட் எச்சரிக்கை மட்டும். அது எப்போது கத்துகிறது? இண்டிகேட்டர் போட்டால். போடாமல் நுழைந்தால்? பெரும்பாலும் விளக்கு மட்டும் சத்தமில்லாமல் எரியும். ஆக, ஒழுங்காக இண்டிகேட்டர் போட்டவருக்கு வசவு, போடாதவருக்கு நிம்மதி. ஒரே மாதத்தில் விரல் இந்தப் பாடத்தைக் கற்றுக்கொள்ளும். எனக்குத் தெரிந்த ஒருவருக்கு நெரிசலிலும் இண்டிகேட்டர் போடும் நல்ல பழக்கம் உண்டு; கார் வாங்கிய சில வாரங்களில் இண்டிகேட்டர், பீப் இரண்டில் ஒன்றை அவர் கைவிட வேண்டியதாயிற்று. அவர் நல்லவர், செட்டிங்ஸுக்குள் போய்ச் சத்தத்தை அணைத்தார். மற்றவர்கள் எதை அணைப்பார்கள் என்பதை ஊகிக்கலாம்.

பழக்கம் மாற நாளாகும், அதுவரை பொறுக்க வேண்டும் என்பார்கள். எத்தனை நாள் பொறுத்தாலும் சாலையின் அகலம் மாறாது. 2022-ல் இந்தியச் சாலைகளில் இறந்தவர்கள் 1,68,491 பேர் என்கிறது மத்திய அரசின் அறிக்கை. அவர்களில் 44.5 சதவீதத்தினர் இருசக்கர வாகனத்தில் போனவர்கள். லேன் மாறும் காரால் உயிருக்கு ஆபத்து இங்கே யாருக்கு என்பதை இதைவிடத் தெளிவாகச் சொல்ல முடியாது. இப்போது கார்களோடு கொடுக்கும் கையேட்டைத் திறந்து, இந்த வசதிக்கான பக்கத்தின் அடியில் இருக்கும் எச்சரிக்கைகளைப் படியுங்கள். மோட்டார் சைக்கிள், சைக்கிள் போன்ற சிறியவற்றைக் கருவி கண்டுகொள்ளாமல் போகலாம். மிக அருகில் வருபவற்றை விட்டுவிடலாம். பம்பரில் சேறு இருந்தாலும், ஸ்டிக்கர் ஒட்டியிருந்தாலும், மேலே எதையாவது மாட்டியிருந்தாலும் சரியாக வேலை செய்யாமல் போகலாம். மழைக்காலமும் பைக்கும் பின்பக்க ஸ்டீல் கார்டும் இல்லாத ஊருக்குத்தான் இது உத்தரவாதம். கையேட்டில் ஒளித்துவைப்பதை விளம்பரத்தில் பக்கத்து லேனே இல்லாத மலைச்சாலையைக் காட்டி மறைக்கிறார்கள். தெரியாமல் செய்கிறார்கள் என்று என்னால் நம்ப முடியவில்லை. மஹிந்திராவின் ஆராய்ச்சி மையம் இருப்பது செங்கல்பட்டு மஹிந்திரா சிட்டியில். அதன் வாசலில் இருப்பது ஜி.எஸ்.டி. சாலை. சாயங்காலம் வீட்டுக்குப் போகும் பொறியாளருக்கு அந்த விளக்கு என்ன சொல்கிறது என்று யாராவது கேட்டுப் பார்க்கலாம்.

இடப்பக்கக் கதை இன்னும் வேடிக்கை. நான்குவழிச் சாலையில் கனரக வண்டிகள் வலது ஓரத்தைப் பிடித்துக்கொண்டு போவதால் முந்துவது பாதி நேரம் இடது வழியாகத்தான். பைக் நுழைவதும் இடது வழியாக. ஊரப்பாக்கம், கூடுவாஞ்சேரிப் பக்கம் எதிர்த்திசையில் ஓரமாக வரும் பைக்கும் இடது ஓரத்தில்தான் வரும். பின்னால் பார்க்கும் ரேடாருக்கு அவர் கணக்கிலேயே இல்லை. இப்படிப்பட்ட இடப்பக்கத்துக்கான மிரரை நம்மவர்கள் பலர் மடக்கியே வைத்திருக்கிறார்கள், பைக்காரர்கள் இடித்துவிடுவார்களாம். விளக்கு இருப்பது அந்த மிரரிலேயே. மிரரோடு சேர்ந்து லட்ச ரூபாய் எச்சரிக்கையும் மடங்கிக் கிடக்கிறது.

மிரரைச் சரியாக வைத்தாலே பிளைண்ட் ஸ்பாட்டில் பெரும்பகுதி போய்விடும் என்று ஜார்ஜ் பிளாட்சர் என்ற அமெரிக்கப் பொறியாளர் 1995-லேயே எழுதிவிட்டார். நம் காரின் கதவு மிரரில் தெரியவே கூடாது, அந்த அளவுக்கு வெளிப்பக்கம் திருப்ப வேண்டும், அவ்வளவுதான். நம் டிரைவிங் ஸ்கூல்களில் கதவின் கைப்பிடி தெரிகிற மாதிரி வைக்கச் சொல்லிக்கொடுக்கிறார்கள்.

அடுத்த கட்டமாக, இண்டிகேட்டரைத் தட்டினால் தானே லேன் மாறும் கார்களும் வந்துவிட்டன. ஐரோப்பாவில் இதற்கு வழிவிட்ட ஐ.நா.வின் 79-ஆம் ஒழுங்குமுறை எங்கே இதை அனுமதித்தது என்பது கவனிக்கத்தக்கது. நடப்பவருக்கும் சைக்கிளுக்கும் அனுமதியில்லாத சாலை. எதிர்த்திசைப் போக்குவரத்திலிருந்து தடுப்பால் பிரிக்கப்பட்ட சாலை. ஒரு திசைக்கு இரண்டு லேனாவது உள்ள சாலை. இந்த வசதியைக் கண்டுபிடித்தவர்களே இதை நம்பி விட்ட இடம் அவ்வளவுதான். நம் நாட்டில் அந்த நிபந்தனைக்குப் பொருந்தும் சாலைகள் விரல்விட்டு எண்ணக்கூடியவை. 2023 ஆகஸ்டில் பெங்களூரு–மைசூரு விரைவுச்சாலையில் பைக்கையும் ஆட்டோவையும் தடை செய்தபோதே எத்தனை கூச்சல்.

தொழில்நுட்பத்தின் மேல் எனக்குப் பகை இல்லை. எவரை மனத்தில் வைத்துச் செய்கிறார்கள் என்பதுதான் என் கேள்வி. லாரிகளுக்கான ஐ.நா.வின் 151-ஆம் ஒழுங்குமுறை, திரும்பும் லாரியின் ஓரத்தில் இருக்கும் சைக்கிள்காரரை முன்னிட்டே எழுதப்பட்டது. மெதுவாகத் திரும்பும் பெரிய வண்டி, அருகில் ஒரு சிறிய உயிர். எண்ணூர் கன்டெய்னர் லாரிகளுக்கு அது நாளைக்கே வேண்டும். ஐம்பது லட்ச ரூபாய் எஸ்.யூ.வி.க்கு முன்னால் அந்த லாரிக்கு வேண்டும்.

கார்களுக்கும் நல்ல விடை நம் கையிலேயே இருந்தது. 2020-ல் வந்த ஹோண்டா சிட்டியில் இடது மிரரின் அடியில் ஒரு கேமரா. இடப்பக்கம் இண்டிகேட்டர் போட்டால் அந்தப் பக்கத்துக் காட்சி நடுத்திரையில் விரியும். ஹூண்டாயும் கியாவும் இதே காட்சியை மீட்டர் இருக்கும் இடத்தில் காட்டுகின்றன. கேமரா கத்தாது, தீர்ப்பும் சொல்லாது. பைக்காரர் எங்கே இருக்கிறார், வேகத்தைக் குறைக்கிறாரா, எவ்வளவு இடம் மிச்சம் என்பதைக் காட்டிவிட்டு முடிவை ஓட்டுபவரிடம் விடும். அதைவிட முக்கியம், இண்டிகேட்டர் போட்டால்தான் படம் வரும். போடுகிறவருக்கு ஏதோ கிடைக்கிறது. விரலுக்கு நல்ல பழக்கம் வர வேண்டுமென்றால் இதைத்தான் பரப்ப வேண்டும். ஆனால் இது இருப்பதும் மேல் வேரியண்டுகளில்தான். மலிவு கார்களின் அடிப்படை வேரியண்டில் இடது மிரரே இல்லாமல் விற்ற நாட்டில், அடுத்த சீர்திருத்தமாக ரேடாரை விற்கிறார்கள். கேமராவைக் கீழ் வேரியண்டுக்கு இறக்குங்கள் என்று எந்த விமர்சகரும் எழுதி நான் படித்ததில்லை.