கட்டுகிறவனுக்கு மட்டும் மெதுவாக ஓடும் கடிகாரம்

'சிவிலைசேஷன்' விளையாட்டைத் தொடங்கும்போது அது நம்மிடம் சில கேள்விகள் கேட்கும். எந்த நாடு, எந்தத் தலைவர், எவ்வளவு பெரிய உலகம், எதிரிகள் எவ்வளவு கெட்டிக்காரர்கள். இதற்கெல்லாம் தாடையைத் தடவிக்கொண்டு பதில் சொல்கிறவர்கள்கூட வேகம் என்ற இடத்தில் 'ஸ்டாண்டர்ட்' என்றிருப்பதை அப்படியே விட்டுவிட்டுப் போய்விடுவார்கள். அந்தப் பட்டியலின் கடைசியில் 'மராத்தான்' என்று ஒன்று இருக்கிறது. ஸ்டாண்டர்டில் 500 டர்னில் முடிகிற வரலாறு, மராத்தானில் 1500 டர்ன் நீளும். வேலைக்குப் போய்விட்டு வந்து ராத்திரியில் மட்டும் ஆடுகிற ஆள் என்றால் ஒரு ஆட்டம் முடிய மாதக்கணக்கில் ஆகும்.

நான் மராத்தான் ஆள். இதை வெளியே சொன்னால் இரண்டு விதமான பதில் வரும். ஒன்று, "உனக்கு வேற வேலையே இல்லையாடா?" அதை விட்டுவிடலாம். இன்னொன்று இலக்கியம் படிக்கிற நண்பர்களிடமிருந்து வருவது: "ஓ, பெரிய நாவல் படிக்கிற மாதிரி. நிதானமா, அவசரமே இல்லாம. தியானம் மாதிரி இருக்கும்ல?" இந்த இரண்டாவது பதில்தான் என்னைத் தொந்தரவு செய்கிறது. மெதுவானது என்றாலே ஆழமானது, அமைதியானது, அறம் சார்ந்தது என்று நமக்குள் ஒரு நம்பிக்கை ஊறிப்போயிருக்கிறது. மெதுவாகச் சமை, மெதுவாகப் படி, மெதுவாக வாழ். இந்த நம்பிக்கையை உரசிப் பார்க்க மராத்தானைவிட நல்ல கல் எனக்குத் தெரிந்து இல்லை.

விளையாடாதவர்களுக்காக ஒரு சின்ன விளக்கம். சிவிலைசேஷன் சதுரங்கம் மாதிரி முறை வைத்து ஆடுகிற விளையாட்டு. கி.மு. 4000-ல் கையில் கிட்டத்தட்ட எதுவுமே இல்லாமல் ஆரம்பித்து, ஊர் அமைத்து, எழுத்தும் சக்கரமும் கண்டுபிடித்து, கி.பி. 2050 வரை ஒரு நாகரிகத்தை நடத்திக்கொண்டு போக வேண்டும். உங்கள் முறையில் செய்ய வேண்டியதைச் செய்துவிட்டு 'அடுத்த டர்ன்' என்ற பொத்தானை அழுத்தினால் மற்றவர்கள் தங்கள் முறையை ஆடுவார்கள், வருஷங்கள் நகரும்.

முதல் சிவிலைசேஷன் 1991-ல் வந்தது. மைக்ரோப்ரோஸ் நிறுவனத்தில் சிட் மெயரும் புரூஸ் ஷெல்லியும் சேர்ந்து உருவாக்கியது. அதன் ஆரம்பகால மாதிரியில் டர்ன் என்ற ஒன்றே கிடையாது. 'சிம்சிட்டி' போலக் காலம் அதுபாட்டுக்கு ஓடிக்கொண்டிருக்கும், ஆடுகிறவர் பெரும்பாலும் கையைக் கட்டிக்கொண்டு வேடிக்கை பார்ப்பார். மெயருக்கு அது பிடிக்கவில்லை, தூக்கிப் போட்டுவிட்டு முறை வைத்து ஆடும்படி மாற்றினார். விளையாட்டு என்பது சுவாரசியமான முடிவுகளின் தொடர் என்று அவர் சொன்னது இந்தத் துறையில் கிட்டத்தட்ட வேதவாக்கு ஆகிவிட்டது. ஆக, காத்திருப்பை ஒழிப்பதற்காகக் கொண்டுவரப்பட்டதுதான் டர்ன். மராத்தான் அதே காத்திருப்பைப் பின்வாசல் வழியாக உள்ளே கூட்டிக்கொண்டு வருகிறது.

எவ்வளவு காத்திருப்பு? 2016-ல் வந்த ஆறாம் பாகத்தை எடுத்துக்கொள்வோம். ஒரு சாதாரண காலாட்படை, 'வாரியர்', ஸ்டாண்டர்டில் 40 அலகு உழைப்பில் தயாராகும். தலைநகரம் ஒரு டர்னுக்கு 5 அலகு தருகிறது என்றால் 8 டர்ன். மராத்தானில் எல்லா விலையும் மூன்று மடங்கு. அதே வாரியருக்கு 120 அலகு, 24 டர்ன். புது ஊர் அமைக்கப் போகிற 'செட்லர்' 80 அலகிலிருந்து 240 ஆகிவிடும், 48 டர்ன். அந்த 48 டர்னில் பெரும்பாலானவற்றில் நீங்கள் எடுக்க வேண்டிய முடிவு என்று ஒன்றும் இருக்காது. அடுத்த டர்ன். அடுத்த டர்ன். அடுத்த டர்ன். மெயரின் இலக்கணப்படி இது விளையாட்டே இல்லை.

ஆனால் இந்த வெறுமையில் ஒன்று நடக்கிறது. வேவு பார்க்கப் போகிற 'ஸ்கவுட்' ஒரு டர்னுக்கு மூன்று கட்டம் நடப்பான், எந்த வேகத்தில் ஆடினாலும் அதே மூன்றுதான். ஸ்டாண்டர்டில் அவன் கண்டத்தின் மறுகரையைத் தொடுவதற்குள் உங்களுக்கு மூன்று ஊர் வந்திருக்கும், அவன் என்ன பார்த்தான் என்று கேட்கக்கூட நேரமிருக்காது. மராத்தானில் அவன் பாதி உலகத்தைச் சுற்றி முடிக்கும்போதும் நம்மிடம் இருப்பது ஒரே ஒரு குட்டி ஊர். எந்த ஆறு எங்கே வளைகிறது, எந்த மலைக்குப் பின்னால் யார் இருக்கிறார்கள், எல்லாம் தெரியும். கையில் மட்டும் எதுவும் கிடையாது. ஒரு ஆற்றங்கரையைப் பார்த்து, இங்கே ஒரு ஊர் வேண்டும் என்று முடிவு செய்துவிட்டு, செட்லர் தயாராகும்வரை அந்தக் கரையை டர்ன் டர்னாகப் பார்த்துக்கொண்டே இருப்பது ஒரு தனி அனுபவம். கடைசியில் அங்கே ஊர் எழும்பும்போது அதைக் கையில் எடுத்து வளர்த்த மாதிரி இருக்கும்.

நண்பர்கள் சொல்கிற நாவல் உவமை இதுவரைக்கும் சரிதான். இதற்கு மேல்தான் சிக்கல்.

மேலே ஒரு விஷயத்தைச் சும்மா சொல்லிவிட்டுப் போனேன்: ஸ்கவுட்டின் நடை மாறவில்லை. மராத்தானில் கட்டுவது மூன்று மடங்கு மெதுவாகிறது, படிப்பது மூன்று மடங்கு மெதுவாகிறது. நடப்பது மெதுவாகவில்லை. வாரியர் அதே இரண்டு கட்டம்தான் நகர்வான். அவன் அடிக்கிற அடியின் பலமும் அதேதான். பட்ட காயம் ஆறுகிற வேகமும் அதேதான்.

இந்த வகை விளையாட்டுகளுக்கு '4எக்ஸ்' என்று ஒரு பெயர் உண்டு. 1993-ல் 'மாஸ்டர் ஆஃப் ஓரியன்' பற்றி எழுதும்போது ஆலன் எம்ரிச் வைத்த பெயர். எக்ஸ்ப்ளோர், எக்ஸ்பேண்ட், எக்ஸ்ப்ளாய்ட், எக்ஸ்டெர்மினேட். தேடு, பரவு, சுரண்டு, ஒழி. மராத்தான் என்ன செய்கிறது என்பதை இந்த நாலு சொல்லை வைத்தே சொல்லிவிடலாம். நடுவில் இருக்கிற இரண்டை அது மெதுவாக்குகிறது. முதலையும் கடைசியையும் தொடவே இல்லை.

இதன் விளைவு என்ன என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். சம பலமுள்ள இரண்டு படைகள் மோதினால் ஒரு அடிக்கு 100-ல் சுமார் 30 போகும். நாலு அடியில் ஒரு படை காலி. ஸ்டாண்டர்டில் 8 டர்னில் வளர்த்தவனை நாலு டர்னில் இழக்கிறீர்கள், இன்னொருவனை வளர்த்துவிடலாம். மராத்தானில் 24 டர்ன் வளர்த்தவன் அதே நாலு டர்னில் போய்விடுகிறான். எல்லையில், பத்துக் கட்டம் தள்ளி, எதிரிப் படை தெரிகிறது என்று வையுங்கள். இரண்டிரண்டு கட்டமாக அது உங்கள் ஊரை அடைய 5 டர்ன். ஊர் 8 அலகு உழைக்கிறது என்றால், ஸ்டாண்டர்டில் மதில் எழுப்ப 10 டர்ன் ஆகும். இழுத்துப் பிடித்துச் சமாளித்துவிடலாம். மராத்தானில் 30 டர்ன். படையைப் பார்த்த பிறகு மதில் கட்ட ஆரம்பிக்கிறவன் அங்கே ஏற்கெனவே தோற்றவன்.

இதையே திருப்பிப் போட்டால், படை எடுத்துப் போகிறவனுக்கு மராத்தான் சொர்க்கம். எதிராளியின் முதல் நாலு படைகளை அடித்துவிட்டால் போதும், அவனால் அடுத்ததைச் சீக்கிரம் செய்ய முடியாது. ஊர் ஊராகப் பிடித்துக்கொண்டே போகலாம். பிடித்த ஊர் வேண்டாமா? தலைநகரமாக இல்லாவிட்டால் ஒரே கிளிக்கில் தரைமட்டமாக்கிவிடலாம். இருநூறு டர்ன் வளர்ந்த ஊர், ஒரு கிளிக். அந்தக் கிளிக்குக்கு மராத்தானில் மூன்று மடங்கு விலை ஏதும் கிடையாது. அதிக நேரம் மராத்தான் ஆடியவர்களிடம் கேட்டால் சொல்வார்கள், இது போர் செய்கிறவனின் வேகம். தியானம் எல்லாம் வெளியிலிருந்து பார்க்கிறவர்களுக்கு.

காலண்டரும் இதே கதையைத்தான் சொல்கிறது. மராத்தானில் முதல் 100 டர்ன்கள் ஒவ்வொன்றும் 15 வருஷம். பிறகு 10, 5, 2 என்று சுருங்கிக்கொண்டே வந்து கடைசி 156 டர்ன்கள் ஒவ்வொன்றும் ஒரு மாதம். மண்பாண்டமும் உழவும் வருகிற கி.மு. 4000 முதல் 2500 வரைக்கும் மொத்தமே 100 டர்ன். 1881 முதல் 2050 வரையிலான 169 வருஷத்துக்கு 600 டர்ன். மொத்த ஆட்டத்தில் 40 சதவீதம். அந்தத் தேதி வெறும் அலங்காரம்தான், விளையாட்டின் விதிகள் அதைப் பார்த்து நடப்பதில்லை என்று சொல்லலாம். இருக்கட்டும். அலங்காரத்துக்கும் ஒரு ரசனை இருக்கிறது அல்லவா? பீரங்கியும் விமானமும் அணுகுண்டும் வந்த பிறகுதான் மாதத்துக்கு மாதம் கவனிக்கத் தகுந்த காலம் என்று இந்தக் கடிகாரம் நினைக்கிறது. அதற்கு முன்னால் விதை சேர்த்தவர்களும் எழுத்து கண்டவர்களும் 15 வருஷம் 15 வருஷமாகக் கடந்துபோகிறார்கள்.

இங்கே ஒரு கேள்வி வரும். வடிவமைத்தவர்கள் வேண்டுமென்றே இப்படிச் செய்தார்களா? எனக்கு அப்படித் தோன்றவில்லை. இரண்டு கட்டம் நடக்கிறவனை மூன்றில் ஒரு பங்கு வேகத்துக்குக் குறைத்தால் அவன் ஒரு டர்னில் ஒரு கட்டம்கூட நகர மாட்டான். கட்டத்தை மூன்றாக வெட்ட முடியாது. விலைப்பட்டியலை மூன்றால் பெருக்கலாம், வரைபடத்தைப் பெருக்க முடியாது. அவ்வளவுதான் காரணமாக இருக்கும். ஆனால் இந்தச் சாதாரணக் கணக்குச் சிக்கலிலிருந்து, யாரும் திட்டமிடாமலே, வரலாற்றைப் பற்றிய ஒரு உண்மை வெளியே வந்துவிட்டது. ஒரு நூலகத்தைச் சேர்க்கத் தலைமுறைகள் ஆகும், எரிக்க ஒரு ராத்திரி போதும். ஸ்டாண்டர்ட் வேகம் இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, ஏதோ சமமான இரண்டு தேர்வுகள் மாதிரிக் காட்டுகிறது. மராத்தான்தான் இடைவெளியை அதன் உண்மையான அகலத்துக்கு அருகில் கொண்டுபோகிறது.

2012-ல் ஒருவர், சிவிலைசேஷன் இரண்டாம் பாகத்தின் ஒரே ஆட்டத்தைப் பத்து வருஷமாக ஆடிவருவதாகச் சொன்னது உலகம் முழுக்கப் பேசப்பட்டது. அதில் வேகத் தேர்வு கிடையாது, முடிவு தேதி தாண்டிய பிறகும் அவர் நிறுத்தாமல் ஆடிக்கொண்டே இருந்தார். அவருடைய ஆட்டத்தில் அப்போது கி.பி. 3991. மூன்று நாடுகள்தான் மிச்சம், 1700 வருஷமாக ஓயாத சண்டை, பனி உருகி நிலமெல்லாம் சதுப்பு. போரை நிறுத்தி உலகத்தைத் திரும்பக் கட்ட ஆசை, எப்படி என்று யாராவது சொல்லுங்கள் என்று அவர் கேட்டிருந்தார். இது எனக்கு மறக்க முடியாத வரி. காலம் மட்டும் கொடுத்தால் நாகரிகம் தானாகக் கனிந்துவிடும் என்கிற நம்பிக்கைக்கு எதிரான சாட்சி அது. அவரிடம் காலம் ஏராளமாக இருந்தது. கட்டுவதற்கு ஒதுக்க ஒரு டர்ன்கூட இல்லை.

ஏழாம் பாகம் 2025-ல் வெளிவந்தபோது வரலாற்றை மூன்று யுகமாக வெட்டி, ஒவ்வொரு யுகத்துக்கும் வேறு நாகரிகத்தைத் தேர்ந்தெடுக்கச் சொன்னது. நம்ம சோழர்கள் நடு யுகத்தில் வருகிறார்கள் என்று இங்கே பலருக்குச் சந்தோஷம், எனக்கும்தான். மராத்தான் அதிலும் உண்டு. ஆனால் யுகம் முடிந்ததும் நாகரிகம் மாறிவிட்டதால், ஒரே பெயரில், ஒரே தொடர்ச்சியில் கி.மு. 4000-லிருந்து நடந்து வருகிற அந்த நீண்ட பொறுப்பு அறுந்துபோனது. இழந்ததை அடுத்த யுகம்வரை சுமக்க வேண்டியிருந்ததுதான் மராத்தானின் வலி, அதுதான் அதன் மதிப்பும்.

ஆகவே மெதுவாக ஆடுங்கள் என்று நான் யாருக்கும் உபதேசம் செய்யப்போவதில்லை. மெதுவாக இருப்பது நம்மை நல்லவர்களாக்காது. மராத்தானில்தான் மிகச் சுலபமாக ஒரு கண்டத்தையே துடைத்தெடுக்க முடியும் என்பது இதை ஆடுகிற எல்லோருக்கும் தெரியும். ஒன்றே ஒன்று மட்டும் உண்டு. வேறு எந்த வேகத்திலும் கிடைக்காத ஒரு தகவலை அது உங்கள் கையில் கொடுத்துவிடுகிறது. எதிரி ஊரின் மதிலுக்கு வெளியே படையோடு நிற்கும்போது, அந்த மதில் 30 டர்ன் வேலை என்பது உங்களுக்குத் தெரியும், ஏனென்றால் உங்களுடையதற்கும் நீங்கள் அவ்வளவு நேரம் காத்திருந்தீர்கள். தரைமட்டமாக்கவா என்று கேட்டு எழும்பும் அந்தப் பொத்தான் உங்களைத் தடுக்காது, எச்சரிக்காது. ஆனால் அதை அழுத்துகிறவருக்கு விலை தெரியாது என்று மட்டும் இனி யாராலும் சொல்ல முடியாது.