மொழி தெரியாத கேமரா

'ஹனிலேண்ட்' (2019) ஆவணப்படத்தின் ஒளிப்பதிவாளர்கள் ஃபெய்மி தாவுத், சமீர் ல்யூமா. வட மாசிடோனியாவில் மின்சாரமில்லாத பெகிர்லியா கிராமத்தில் 3 ஆண்டுகள், 400 மணி நேரத்துக்கும் மேல் படம்பிடித்தார்கள். தேனெடுக்கும் ஹதிஜேயும் படுத்த படுக்கையான அவர் அம்மாவும் பேசும் துருக்கிய வழக்கு படக்குழுவுக்குப் புரியாது. அதனால்தானோ என்னவோ, கேமரா பேச்சைத் துரத்தாமல் முகத்தையும் கையையுமே பார்த்துக்கொண்டிருக்கிறது.

குடிசைக்குள் சன்னல் வெளிச்சமும் விளக்கும் மட்டுந்தான். சன்டான்ஸ் விழாவில் ஒளிப்பதிவுக்கென்றே விருது கிடைத்தது. வறுமையை அழகாக்கிட்டாங்களோ என்று எனக்கும் தோன்றியது. ஆனால் அந்தத் தாயும் மகளும் வாழ்ந்த வெளிச்சமே அவ்வளவுதான். ஹதிஜே பாதித் தேனைத் தேனீக்களுக்கே விட்டுவிடுகிறார். இருக்கிற வெளிச்சத்துக்கு மேல் எதுவும் கேட்காத இந்த ஒளிப்பதிவின் கணக்கும் அதேதான்.