‘சோமா’வும் கொல்லாத அரக்கரும்

அச்சத்தின் நிலைக்களன்கள் நான்கென வகுத்த தொல்காப்பியர் அணங்கு, விலங்கு, கள்வர், இறை என அவற்றை நிரற்படுத்துகிறார். நான்கும் புறத்தேயிருந்து வருவன. சுவீடனின் ஃபிரிக்ஷனல் கேம்ஸ் என்னும் சிறு நிறுவனம் 2015 செப்டெம்பரில் வெளியிட்ட ‘சோமா’ என்ற கணினி விளையாட்டில் அச்சம் இருவகையாய் அமைந்திருந்தது. இருண்ட நடைகூடங்களில் ஆயுதமற்றவனைத் துரத்திக் கொல்லும் அரக்க உருக்கள் ஒன்று. ‘நான் யார்’ என்பதே ஐயத்துக்குரியதாகும் நிலை மற்றையது. 2017 டிசெம்பரில் வந்த திருத்தம் இவ்விரண்டையும் பிரித்துக் காட்டிற்று. ‘பாதுகாப்பு முறை’ எனப்பட்ட அதனைத் தெரிவுசெய்தால் அரக்கர் உலவுவர், அச்சுறுத்துவர், ஆனாற் கொல்லார். பழைய முறையும் நீக்கப்படவில்லை. அரக்கர் தாக்காதபடி செய்யும் மாற்றமொன்று விளையாடுவோரிடையே முன்னரே தோன்றி வழங்கிவந்தது. படைப்பாளர் பின்னரே அவ்வழி வந்தனர்.

இதனை மனவலிமை குன்றியோர்க்கான சலுகையெனக் கொள்வாருமுளர். கதையை நோக்கின் அது பொருந்தாமை புலனாகும். ரொறொன்ரோ நகரில் விபத்தொன்றால் மூளை பாதிக்கப்பட்ட சைமன் ஜரெட், 2015 இல் மூளைப் பதிவொன்றுக்கு உடன்படுகிறான். கண் விழிக்கையில் ஆண்டு 2104. இடம், அத்திலாந்திக் சமுத்திரத்தடியில் உள்ள பாதோஸ்-2 ஆய்வுநிலையம். வால்வெள்ளி மோதி நிலவுலகம் அழிந்துவிட்டது. விழித்திருப்பது அவனது பதிவேயாகும். ஒமிக்ரோன் என்னும் பகுதியில் ஆழ்கடலுக்கேற்ற வேறோர் உடலுக்கு அவன் ‘மாற்றப்படுகிறான்’. நிகழ்ந்ததோ படியெடுத்தல். பழைய சைமன் கதிரையிலேயே இருக்கிறான். அவனது மின்கலத்தை வெறுமையாக்கி முடித்துவிடுவதா, தனியே விழித்தெழ விட்டுச்செல்வதா என்பதை விளையாடுபவரே தீர்மானிக்கவேண்டும். அவ்வறையில் அரக்கரெவருமில்லை. நூலின் கொடிய இடம் அதுவே.

இத்தகைய படைப்பிற் சாவு இலேசானதாய் இருத்தலாகாது. பழைய முறையிலோ அரக்கன் கொன்றால் விளையாட்டு முன்னைய கட்டத்துக்கு மீளும். சைமன் ஒன்றும் நேராதவன்போல் எழுந்து நடப்பான். படியெடுக்கப்பட்டவன் அவனேதானா என்று வினவும் கதை, பத்துமுறை செத்தவனை அவனேயென்று வாளாவிருந்து ஏற்றுக்கொள்கிறது. சாவு அங்கே வெறும் தாமதமாயிற்று. திருத்தம் இம்முரண்பாட்டை நீக்குகிறது. ‘பாதுகாப்பு’ என்ற பெயர்தான் பொருந்தவில்லை. கதிரையிலிருப்பவன் முன் யாருக்குப் பாதுகாப்பு?

அரக்கரும் வேறாய்த் தோன்றுகின்றனர். அவர்களுட் சிலர் அந்நிலையத்தின் பணியாளராயிருந்தோர். மனிதரை எவ்வாறேனும் உயிருடன் வைத்திருக்க முயலும் ‘வாவ்’ என்ற செயற்கை நுண்மதி அவர்களை அவ்வாறு ஆக்கியது. ஓடி ஒளிந்தவனுக்கு அவர்கள் ஆபத்து மட்டுமே. அஞ்சியும் நின்று நோக்குபவனுக்கு இரக்கத்துக்குரியோர்.

எனினும் இழப்பொன்றுண்டு. காயமுற்ற சைமன் வாவ் வளர்த்த மலர்போன்ற திரள்களிற் கைவைத்தே நலம்பெறுகிறான். பிற்பகுதியில் அதே வாவை அழிப்பதா விடுவதா என்ற தெரிவு அவன்முன் வைக்கப்படுகிறது. உடல் நைந்து அதனிடம் பலமுறை சென்றவனுக்கு அத்தெரிவில் நன்றிக்கடனின் சுமையுண்டு. கொல்லப்படும் ஆபத்தின்றி அவ்விடம் வந்து சேர்பவனுக்கு அச்சுமை குறைவு. அவன் நீதிபதியைப்போல் முடிவெடுக்கிறான். இவ்விடத்தை ஈடுசெய்யத் திருத்தியோர் வழியெதுவும் செய்தாரல்லர்.